காசு கூடினால் வானம் கூடுமா?

2006 அக்டோபரில் ‘ஃபிளைட் சிமுலேட்டர் எக்ஸ்’ விளையாட்டை மைக்ரோசாஃப்ட் இரண்டு பதிப்புகளாக வெளியிட்டது. சாதாரணப் பதிப்பை வாங்கியவருக்குச் செஸ்னா 172 விமானத்தில் பழைய முள் வைத்த வட்ட மானிகள்தான் கிடைத்தன. எல்லாத் தகவலையும் இரண்டு திரைகளில் காட்டும் கார்மின் ஜி1000 கருவி வேண்டுமென்றால் டீலக்ஸ் பதிப்புக்குக் கூடுதலாகக் கொடுக்க வேண்டும். 14 ஆண்டுகள் கழித்து, 2020 ஆகஸ்ட் 18 அன்று, அதே விளையாட்டின் அடுத்த தலைமுறை வந்தது. இம்முறை சாதாரணப் பதிப்பின் செஸ்னா 172-இலேயே கார்மின் திரைகள் இருந்தன. பழைய வட்ட மானிகளோடு கூடிய செஸ்னா 172 டீலக்ஸ் பதிப்புக்குப் போய்விட்டது. அதற்குக் கூடுதல் விலை 30 டாலர்.

முதலில் புதுமைக்குக் காசு, பிறகு பழமைக்குக் காசு. விமானம் இரண்டு முறையும் அதேதான். எது எட்டாக்கனியோ அது மேல்தட்டுக்குப் போகிறது, அவ்வளவே. அப்படியானால் உயர்விலைப் பதிப்பை வாங்குகிறவர் உண்மையில் எதை வாங்குகிறார்? கூடுதல் மெய்மையையா, வேறு எதையாவதா? ஹைதராபாத்தின் கிழக்குப் பகுதியான நாச்சாரத்தில் உட்கார்ந்து இந்தக் கேள்வியைக் கேட்பது பொருத்தம். கணினி உதிரிகளுக்குச் செகந்திராபாத் பார்க் லேனின் செனாய் டிரேட் சென்டருக்குப் போய் வரும் தூரத்தில் இருக்கும் ஊர் இது. பேகம்பேட் விமான நிலையத்துக்கு நேர்கோட்டில் சுமார் 10 கிலோமீட்டர் கிழக்கே இருக்கிறது. 2008 மார்ச் 23 அன்று பயணிகள் போக்குவரத்து ஷம்ஷாபாத்தின் புதிய விமான நிலையத்துக்கு மாறும்வரை, கிழக்கிலிருந்து வந்து 27-ஆம் எண் ஓடுபாதையில் இறங்கும் விமானங்கள் இந்தப் பக்கத்து வானத்தைத்தான் கடந்து போயின.

கூரையில்லாத மூன்றாம் வகுப்பு

வெளியானபோது 2020 பதிப்புகளின் கணக்கு எளிதாக இருந்தது. ஸ்டாண்டர்ட் பதிப்பு 60 டாலர்: 20 விமானங்கள், கையால் வடிவமைத்த 30 விமான நிலையங்கள். டீலக்ஸ் 90 டாலர்: 25 விமானங்கள், 35 நிலையங்கள். பிரீமியம் டீலக்ஸ் 120 டாலர்: 30 விமானங்கள், 40 நிலையங்கள். அதாவது விலை இரு மடங்கு. விமானங்கள் ஒன்றரை மடங்கு. 2024 நவம்பர் 19 அன்று வந்த அடுத்த பதிப்பில் ஏவியேட்டர் என்ற நான்காம் படியும் சேர்ந்தது. அப்போது அதன் விலை 200 டாலர், விமானங்கள் 125. அடிப்படைப் பதிப்பில் இருந்தவை 70.

ஒரு முறை எழுதிமுடித்த நிரலை இன்னொருவருக்குப் பிரதியெடுத்துக் கொடுக்க ஆகும் செலவு ஏறத்தாழப் பூஜ்யம். எனவே விலை வேறுபாடு உற்பத்திச் செலவிலிருந்து வருவதில்லை. வாங்குகிறவரின் ஆசையின் அளவிலிருந்து வருகிறது. இதை 1849-லேயே கவனித்தவர் ஜூல் துய்புயி என்ற பிரெஞ்சுப் பொறியாளர். ரயில்வே நிறுவனங்கள் மூன்றாம் வகுப்புப் பெட்டிக்குக் கூரை போடாமல் விட்டதற்குக் காரணம் செலவைக் குறைப்பது அல்ல என்றார் அவர். இரண்டாம் வகுப்புக்குக் காசு கொடுக்கக்கூடியவர் மூன்றாம் வகுப்பில் ஏறிவிடக்கூடாது; அவரைப் பயமுறுத்தவே கூரை இல்லை. மென்பொருள் உலகில் இதே உத்தியை ‘பதிப்பு பிரித்தல்’ என்ற பெயரில் கார்ல் ஷபிரோ, ஹால் வேரியன் என்ற இரு பொருளியலாளர்கள் 1990-களின் இறுதியில் விரிவாக எழுதினார்கள்.

மூன்று படிகள் வைப்பதிலும் ஒரு சூட்சுமம் உண்டு. மிக மலிவானதும் வேண்டாம், மிக விலை உயர்ந்ததும் வேண்டாம் என்று நடுவில் ஒதுங்குவது மனித இயல்பு. சந்தை உளவியலாளர் இட்டமர் சைமன்சன் 1989-இல் இதைச் சோதனைகளில் காட்டினார். இரண்டு பொருள்கள் உள்ள பட்டியலில் அவற்றைவிட விலை உயர்ந்த மூன்றாவதைச் சேர்த்தால், முன்பு உச்சியில் இருந்தது இப்போது நடுவில் நிற்கிறது. அதை எடுப்பவர்கள் கூடுகிறார்கள். 200 டாலர் பதிப்பு பக்கத்தில் நிற்கும்போது 2024-இன் 130 டாலர் பிரீமியம் டீலக்ஸ் ஊதாரித்தனமாகத் தெரியாது; நிதானமான தேர்வாகத் தோன்றும்.

விற்பனைத் தந்திரம் என்று சொல்லி இதை இத்தோடு முடித்துவிடலாம். ஆனால் அந்தப் பட்டியலில் என்ன இருக்கிறது என்று பார்த்தால் கதை அவ்வளவு எளிதல்ல.

நிழலிலிருந்து எழும் நாச்சாரம்

2020 விளையாட்டில் 37,000-க்கும் மேற்பட்ட விமான நிலையங்களும், ஏறத்தாழ 150 கோடிக் கட்டடங்களும் இருக்கின்றன. இந்தக் கட்டடங்களை யாரும் ஒவ்வொன்றாக உட்கார்ந்து வரையவில்லை. பிங் வரைபடத்தின் வான்படங்களை ஆஸ்திரியாவின் கிராட்ஸ் நகரத்து பிளாக்‌ஷார்க் நிறுவனத்தின் மென்பொருள் படித்துப் பார்த்து எழுப்பியவை அவை. மேலிருந்து எடுத்த படத்தில் கூரையின் விளிம்பு தெரியும், சுவர் தெரியாது. உயரத்தை ஊகிக்க வேண்டும். அதற்கு உதவும் தடயங்களில் ஒன்று நிழல். சூரியன் அடிவானத்திலிருந்து 45 டிகிரி உயரத்தில் நிற்கும்போது 12 மீட்டர் நிழல் விழுந்தால் கட்டடத்தின் உயரமும் 12 மீட்டர், நாலு மாடி. கூரையின் வடிவம், நிறம், சுற்றுப்புறம் ஆகியவற்றை வைத்து இது வீடா, கிடங்கா, அலுவலகமா என்று மென்பொருள் முடிவு செய்கிறது. பிறகு அதற்கேற்ற ஒரு பொதுச் சுவரை ஒட்டிவிடுகிறது.

நாச்சாரம் இந்த முறைக்கு நல்ல சோதனைக்களம். தொழிற்பேட்டையின் நீளமான தகரக் கூரைக் கொட்டகைகளும், அவற்றை ஒட்டிய ஐந்து மாடி அடுக்ககங்களும், மொட்டை மாடிகளில் கறுப்புத் தண்ணீர்த் தொட்டிகளும் கலந்து கிடக்கும் இடம். வானில் 500 மீட்டர் உயரத்திலிருந்து பார்த்தால் தெருக்களின் போக்கும் கட்டடங்களின் நெருக்கமும் சரியாகத் தெரியும். கீழே இறங்கினால் சுவர்கள் எந்த ஊரினுடையவை என்று சொல்ல முடியாது. ஊகம் சறுக்குவதும் உண்டு. திறந்த வரைபடத் தரவில் யாரோ 2 என்று தட்ட வேண்டிய இடத்தில் 212 என்று தட்டிவிட்டதால், 2020-இல் மெல்போர்னின் புறநகர் ஒன்றில் 212 மாடிக் கோபுரம் ஊசிபோல எழுந்து நின்றது. அதைச் சுற்றிப் பறந்து பார்க்கவே உலகெங்கும் விளையாட்டுக்காரர்கள் கிளம்பினார்கள்.

இயந்திரத்தின் ஊகத்தை மட்டும் நம்பி விட்டுவிடாத இடங்களில் முக்கியமானது விமான நிலையம். விமானம் தரையை நெருங்கும் அந்தச் சில நிமிடங்களில்தான் கண் கூர்ந்து பார்க்கும். நாச்சாரத்தில் என்.டி.ராமராவ் நிறுவிய ராமகிருஷ்ணா ஸ்டுடியோ இருக்கிறது. செட் போடும் தச்சர்களுக்குத் தெரிந்த உண்மைதான் இதுவும்: கேமரா நெருங்கும் தூணில் மட்டும் வேலைப்பாடு வேண்டும், பின்னால் தெரியும் கோபுரத்துக்குத் திரைச்சீலை போதும். உயர்விலைப் பதிப்பு விற்பது இந்த முன்வரிசைத் தூண்களைத்தான். வரிசையான விளக்குகள், ஓடுபாதையின் டயர்த் தடங்கள், பயணிகள் முனையத்தின் கண்ணாடி எல்லாம் மனிதக் கை செய்தவை.

எந்த நிலையங்கள்? டீலக்ஸில் ஆம்ஸ்டர்டாம், கெய்ரோ, கேப் டவுன், சிகாகோ, மாட்ரிட். பிரீமியத்தில் துபாய், ஃப்ராங்பர்ட், ஹீத்ரோ, சான் ஃபிரான்சிஸ்கோ, டென்வர். 40 நிலையங்களில் இந்திய நிலையம் ஒன்றுகூட இல்லை. ஷம்ஷாபாத்தும் இல்லை, மீனம்பாக்கமும் இல்லை. அண்டை நாடுகளில் பூட்டானின் பாரோவும் நேபாளத்தின் லுக்லாவும் உண்டு. அவையும் அடிப்படைப் பதிப்பிலேயே கிடைக்கின்றன.

ஆனால் அந்தப் பிரீமியம் பட்டியலை ஹைதராபாத்தில் வைத்துப் படித்தால் வேறொன்று புலப்படும். துபாய்க்கும் ஃப்ராங்பர்ட்டுக்கும் ஹீத்ரோவுக்கும் இங்கிருந்து நேரடி விமானங்கள் இருக்கின்றன. சான் ஃபிரான்சிஸ்கோ விரிகுடாப் பகுதியில் இந்த நகரத்துக் குடும்பங்கள் பலவற்றுக்கு ஒரு மகளோ மருமகனோ இருப்பார்கள். வளைகுடாவுக்கும் அமெரிக்காவுக்கும் பிள்ளைகளை அனுப்பிய எந்தத் தமிழ்க் குடும்பத்துக்கும் இந்தப் பெயர்கள் அந்நியமல்ல. பெட்டியோடு ஓடி இணைப்பு விமானத்தைப் பிடித்த இடத்தை விமானியின் இருக்கையிலிருந்து பார்ப்பதற்கு ஒரு தனி ருசி உண்டு. அந்த ஆசைக்கு 60 டாலர் அதிகமா என்பது அவரவர் பையைப் பொறுத்தது. ஆனால் அது இடத்தின் மீதான ஆசை. பறத்தலின் மெய்மை அதில் அடங்காது.

பேகம்பேட்டில் மே மாதம்

பறத்தலின் மெய்மை காற்றில் இருக்கிறது. அந்தக் காற்றின் கணக்கு எல்லாப் பதிப்புகளுக்கும் பொது. ஓர் எடுத்துக்காட்டு.

பேகம்பேட் ஓடுபாதை கடல் மட்டத்திலிருந்து 531 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அந்த உயரத்தில் காற்றழுத்தம் சுமார் 950 மில்லிபார். மே மாதப் பிற்பகலில் வெப்பம் 40 டிகிரி செல்சியஸ் என்று வைத்துக்கொண்டால், ஒரு கன மீட்டர் காற்றின் எடை 1.06 கிலோதான் வரும். கடல் மட்டத்தில் 15 டிகிரியில் இருக்கும் தரக்காற்று 1.225 கிலோ. ஆக, 14 விழுக்காடு குறைவு. அதே 40 டிகிரியில் சென்னையின் காற்று 8 விழுக்காடுதான் மெலிந்திருக்கும். விமானத்தைப் பொறுத்தவரை அது 531 மீட்டரில் நிற்கவில்லை. சுமார் 1,500 மீட்டர் உயரத்தில், அதாவது ஏறத்தாழ ஏற்காட்டுக்குச் சமமான உயரத்தில் நிற்கிறது.

இறக்கையின் தூக்குவிசை காற்றின் அடர்த்தியையும் வேகத்தின் வர்க்கத்தையும் சார்ந்தது. அடர்த்தி 14 விழுக்காடு குறைந்தால், அதே எடையைத் தூக்கத் தரையில் 7, 8 விழுக்காடு கூடுதல் வேகம் பிடிக்க வேண்டும். செஸ்னா 152 போன்ற சிறு விமானத்தின் எஞ்சினுக்குக் காற்றை அழுத்திக் கொடுக்கும் டர்போ கிடையாது. மெல்லிய காற்றை உறிஞ்சும் அதன் திறனும் குறையும். சுழலும் முன்விசிறியின் பிடிப்பும் தளரும். மூன்றும் சேர்ந்து, ஜனவரிக் காலையில் உற்சாகமாக எழும்பிய விமானம் மே பிற்பகலில் ஓடுபாதையில் நெடுந்தூரம் ஓடி, பிறகு சோம்பலாக ஏறும். பறக்கும் பள்ளி மாணவர்களுக்கு வெயில் காலத்துக் காலைகளும் மாலைகளும் பிடித்துப்போவதற்கு இதுவும் ஒரு காரணம்.

நல்ல சிமுலேட்டர் இந்த வேறுபாட்டைத் தானாகக் காட்டும். பழைய முறையில் விமானம் முழுவதையும் ஒரே பொருளாகக் கருதி, இந்த வேகத்தில், இந்தக் கோணத்தில் இவ்வளவு விசை என்று அட்டவணையிலிருந்து எடுப்பார்கள். ஆஸ்டின் மேயர் 1995-இல் வெளியிட்ட எக்ஸ்-பிளேன் இறக்கையைச் சிறு சிறு துண்டுகளாக வெட்டி, ஒவ்வொரு துண்டின் மீதும் காற்று செய்யும் விசையைத் தனித்தனியே கணக்கிட்டுக் கூட்டியது. பிரான்ஸின் போர்டோவில் உள்ள அசோபோ ஸ்டுடியோ 2020 விளையாட்டுக்கு விமானப் பரப்பை ஆயிரத்துக்கும் மேற்பட்ட புள்ளிகளாகப் பிரித்தது. இந்தக் கணக்கு இயந்திரத்துக்கு நீங்கள் 60 டாலர் கொடுத்தீர்களா, 120 கொடுத்தீர்களா என்று தெரியாது. 2024 வெளியீட்டின் முதல் நாட்களில் தரவு அனுப்பும் சர்வர்கள் திணறியபோதும் அப்படித்தான். மிக உயர்ந்த பதிப்பை வாங்கியவரும் அதே ஏற்றுதிரையைப் பார்த்துக்கொண்டுதான் உட்கார்ந்திருந்தார்.

இன்னொரு செய்தி. ஷம்ஷாபாத் திறப்பதற்கு முன்பே வெளிவந்துவிட்ட ஃபிளைட் சிமுலேட்டர் எக்ஸில் ஹைதராபாத்தின் விமான நிலையம் இன்றும் பேகம்பேட்தான். பழைய வட்டை வைத்திருப்பவருக்கு 27-ஆம் எண் ஓடுபாதையில் ஜெட் விமானத்தை இறக்கும் வாய்ப்பு இலவசம்.

காதுக்குள் இருக்கும் தணிக்கை அதிகாரி

வீட்டுச் சிமுலேட்டர் எவ்வளவு விலைக்கு வாங்கினாலும் ஏமாற்ற முடியாத உறுப்பு ஒன்று நம் உட்செவியில் இருக்கிறது. மூன்று அரைவட்டக் குழாய்களில் உள்ள திரவம் தலையின் சுழற்சியை அளக்கிறது. சிறு சுண்ணாம்புப் படிகங்கள் பதிந்த இரண்டு பைகள் நேர்கோட்டு முடுக்கத்தையும் சாய்வையும் அளக்கின்றன. கண் ‘ஓடுகிறோம்’ என்கிறது. உட்செவி ‘நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறோம்’ என்கிறது. அகலமான காட்சி நகர்ந்தால் நிற்கும் உடலே நகர்வதுபோன்ற மயக்கம் வருவது உண்மைதான். நின்றிருக்கும் ரயிலில் இருக்கும்போது பக்கத்து ரயில் கிளம்பினால் வருவதும் அதே மயக்கம்தான். ஆனால் முரண்பாடு நீடித்தால் சிலருக்குக் குமட்டும்.

இந்த அதிகாரியையும் சரிக்கட்டுவதுதான் விமான நிறுவனங்களின் பயிற்சிச் சிமுலேட்டர். பேகம்பேட்டை ஒட்டி இந்தியன் ஏர்லைன்ஸ் நடத்திய மத்தியப் பயிற்சி நிலையத்தில் பல தலைமுறை விமானிகள் இத்தகைய கூண்டுகளுக்குள் வியர்த்திருக்கிறார்கள். ஆறு நீட்டக்கூடிய கால்களின் மேல் விமானியறை நிற்கும். டி. ஸ்டூவர்ட் என்ற பொறியாளர் 1965-இல் கட்டுரையாக எழுதிய அமைப்பு இது. இதன் தந்திரம் உட்செவியின் பலவீனத்தைப் பயன்படுத்துகிறது: படிகப் பைகளுக்கு முடுக்கமும் சாய்வும் ஒன்றுபோலத்தான். ஓடுபாதையில் விமானம் ஈர்ப்பின் ஐந்தில் ஒரு பங்கு முடுக்கத்தோடு சீறும்போது, கூண்டைப் பின்பக்கமாகச் சுமார் 11.5 டிகிரி மெல்லச் சாய்த்தால் போதும்; முதுகு இருக்கையில் அழுந்தும். திரையில் அடிவானம் மட்டமாகவே இருப்பதால் மூளை அதைச் சாய்வு என்று எண்ணாது, வேகம் என்று எண்ணும். கால்களின் நீளம் தீர்ந்துபோகாமல் இருக்க, உட்செவிக்குத் தெரியாத மந்த வேகத்தில் கூண்டு மறுபடி நடுநிலைக்குத் திரும்பிவிடும்.

இத்தனை நுட்பமும் ஒரு வேடிக்கை இயந்திரத்திலிருந்து கிளைத்தது. நியூயார்க் மாநிலத்தின் பிங்காம்ப்டனில் பியானோ, ஆர்கன் வாத்தியங்கள் செய்யும் குடும்பத்தைச் சேர்ந்த எட்வின் லிங்க், 1929-இல் ஆர்கனின் காற்றுத் துருத்திகளைக் கொண்டே அசையும் ஒரு குட்டி விமானத்தைச் செய்தார். பயிற்சிப் பள்ளிகள் அதைப் பொருட்படுத்தவில்லை. கேளிக்கைப் பூங்காக்கள்தான் வாங்கின. 1934-இல் அமெரிக்க இராணுவ விமானிகள் அஞ்சல் சுமக்கப் பணிக்கப்பட்டு, மோசமான வானிலையில் அடுத்தடுத்து இறந்த பிறகே இராணுவம் ஆறு இயந்திரங்களை வாங்கியது. இரண்டாம் உலகப் போரின்போது நேச நாடுகளின் விமானிகள் பெருந்தொகையினர் அதில்தான் கருவிகளை மட்டும் நம்பிப் பறக்கப் பழகினார்கள். விளையாட்டுக்கும் பயிற்சிக்கும் நடுவே சுவர் எப்போதும் மெல்லியதாகவே இருந்திருக்கிறது.

கை கற்கும் பாடம்

கண்ணுக்கு ஓரளவு கிடைக்கிறது, உடலுக்குக் கிடைப்பதில்லை. மிஞ்சுவது கையும் கவனமும். வீட்டுச் சிமுலேட்டரின் உண்மையான பலம் இங்கேதான். உயர்விலைப் பதிப்பின் கணக்கு பிசகுவதும் இங்கேதான்.

1994-இல் டேனியல் கோஃபரும் அவருடைய கூட்டாளிகளும் வெளியிட்ட ஆய்வு ஒன்று இதைத் தெளிவாக்குகிறது. இஸ்ரேல் விமானப்படையின் பயிற்சி மாணவர்கள் சிலருக்கு ‘ஸ்பேஸ் ஃபோர்ட்ரெஸ்’ என்ற எளிய கணினி விளையாட்டில் பத்து மணி நேரப் பயிற்சி தரப்பட்டது. கோடுகளால் வரைந்த கோட்டை, சிறு விண்கலம், கண்ணிவெடிகள். அதில் மேகமும் இல்லை, ஓடுபாதையும் இல்லை. ஆனால் ஒரே நேரத்தில் பல வேலைகளுக்குக் கவனத்தைப் பங்கிட வேண்டியிருந்தது. பிறகு நிஜ விமானத்தில் சோதித்தபோது, விளையாடியவர்கள் விளையாடாதவர்களைவிட நன்றாகப் பறந்தார்கள். அந்த விளையாட்டு உருவான இடம் அமெரிக்காவின் இல்லினாய் பல்கலைக்கழகம். ஃபிளைட் சிமுலேட்டரின் தந்தையான புரூஸ் ஆர்ட்விக் 1975-இல் தம் ஆய்வேட்டை எழுதியதும் அங்கேதான். கையும் மனமும் தேடுவது படத்தின் பளபளப்பை அல்ல, வேலையின் அமைப்பை என்பது இந்த ஆய்வின் சாரம்.

இந்த அளவுகோலை 2020 பதிப்புகளின் மேல் வைத்துப் பாருங்கள். பிரீமியத்தின் நட்சத்திரம் போயிங் 787-10. வெளியான காலத்தில் அதன் விமானியறையில் பல பொத்தான்கள் வேலை செய்யவில்லை. அதே சமயம் அடிப்படைப் பதிப்பிலேயே இருந்த ஏர்பஸ் ஏ320 நியோவை, ஃபிளைபைவயர் என்ற தன்னார்வலர் குழு எடுத்துத் திருத்தியது. எரிபொருள் பம்பு முதல் பயணத்திட்டக் கணினி வரை உண்மை விமானத்தைப்போல இயங்கும் ஒரு வடிவத்தை அவர்கள் இலவசமாகக் கொடுத்தார்கள். இண்டிகோவும் ஏர் இந்தியாவும் ஹைதராபாத் வானில் பறக்கவிடுவது இந்த ரக விமானத்தைத்தான். மலிவுப் பதிப்பும் இலவசத் திருத்தமும் சேர்ந்தால், நாச்சாரத்துக்கு மேலே போகும் விமானத்தின் நடைமுறைகளை முழுமையாகப் பழகலாம். 2001-இல் தொடங்கிய வாட்சிம் என்ற வலையமைப்பில் தன்னார்வலர்கள் வான்போக்குவரத்துக் கட்டுப்பாட்டாளர்களாக அமர்ந்து வானொலியில் பேசுவார்கள்; அதுவும் இலவசம். மறுபக்கம், ஒரே ஒரு போயிங் 737-ஐ நுணுக்கமாகச் செய்து சுமார் 70 டாலருக்கு விற்கும் பிஎம்டிஜி போன்ற நிறுவனங்களும் உண்டு. அங்கே காசு எண்ணிக்கைக்கு அல்ல, ஆழத்துக்குப் போகிறது.

எனவே, பெட்டியின் மேல் அச்சிட்ட விமான எண்ணிக்கை மெய்மையின் அளவுகோல் அல்ல. 30 விமானங்களில் ஒவ்வொன்றையும் ஒருமுறை எடுத்து ஓட்டியவரைவிட, ஒரே செஸ்னாவை மே மாத வெயிலிலும் ஜனவரிக் குளிரிலும் பேகம்பேட்டிலிருந்து எழுப்பிப் பழகியவருக்குக் காற்றைப் பற்றி அதிகம் தெரிந்திருக்கும். வாங்க நினைப்பவர் அடிப்படைப் பதிப்பில் தொடங்கலாம். மிச்சமாகும் 60 டாலரைக் கால்மிதிக்கோ விசைப்பிடிக்கோ ஒதுக்கினால், அது கைகால்களுக்கு நேரடியாகப் பாடம் சொல்லும். சில மாதம் கழித்தும் ஹீத்ரோவில் இறங்கியே ஆக வேண்டும் என்ற ஏக்கம் தீரவில்லையா? தாராளமாக மேல்படிக்குப் போகலாம். இந்த விளையாட்டுகள் பின்னால் பதிப்பை உயர்த்திக்கொள்ள இடம் தருகின்றன. அப்போது கொடுக்கும் காசு பட்டியலின் நீளத்துக்கு ஆகாது, தாமே தெரிந்து தேர்ந்த ஓர் ஓடுபாதைக்கு ஆகும்.